நந்தன் கேட்ட லீவு

பிரெஞ்சு எழுத்தாளர் ஆல்பெர் காம்யு 1951இல் கலகக்காரனைப் பற்றி ஒரு தடித்த புத்தகம் எழுதினார். முடியாது என்று சொல்கிறவன்தான் கலகக்காரன் என்று ஆரம்பிக்கிறார். வாழ்நாள் முழுக்க உத்தரவுக்குக் கீழ்ப்படிந்தே வந்த ஓர் அடிமை ஒருநாள் திடீரென்று இந்த ஒன்றை மட்டும் செய்ய மாட்டேன் என்கிறான், இதுவரை சரி, இதற்கு மேல் கிடையாது என்று ஒரு கோடு கிழிக்கிறான், கிழிக்கும்போதே தன்னிடம் காப்பாற்றிக்கொள்ள வேண்டிய ஏதோ ஒன்று இருப்பதையும் சேர்த்துச் சொல்லிவிடுகிறான். நல்ல தொடக்கம், மறுபேச்சில்லை. ஆனால் சில பக்கங்கள் தள்ளி ஒரு வாக்கியம் வருகிறது. இன்கா ராஜ்ஜியத்துக் குடிகளுக்கும் 'பரியா'வுக்கும் கலகம் என்ற கேள்வியே எழுவதில்லையாம், அவர்கள் கேட்பதற்கு முன்பே மரபு அதற்குப் பதில் சொல்லி முடித்துவிட்டதாம், அந்தப் பதில்தான் புனிதமாம். பரியா யார் என்று நமக்குச் சொல்ல வேண்டியதில்லை, இங்கிருந்து கப்பலேறிப் போன சாதிப் பெயர்தான்.

காம்யுவின் மேல் எனக்குப் பெரிய மரியாதை உண்டு. இருந்தாலும் அந்த இடத்தைப் படித்ததும் சேரியில் பிறந்து நாயன்மாரான ஆதனூர் நந்தன்தான், திருநாளைப்போவார்தான், ஞாபகத்துக்கு வந்தார். தமிழில் இத்தனை நூற்றாண்டுகளாக, இத்தனை பேர், ஒரே மனிதனுடைய கதையை எடுத்து எடுத்துத் திருத்தி எழுதியிருக்கிறார்கள் என்றால் அங்கே ஒரு கேள்வி முடியாமல் கிடக்கிறது என்றுதானே அர்த்தம்? மரபு பதில் சொல்லி முடித்த விஷயமாக இருந்தால் யார் திரும்பத் திரும்பத் தொடுவார்கள்.

முதலில் பழைய கதை. சுந்தரர் அரை வரியில் முடித்துவிடுகிறார், 'செம்மையே திருநாளைப்போவார்க்கும் அடியேன்' என்று. நம்பியாண்டார் நம்பி ஒரு பாட்டு. 12ஆம் நூற்றாண்டில் சேக்கிழார்தான் அதை 37 பாடல்களாக விரிக்கிறார், அதில் அவர் செய்திருக்கும் ஒரு காரியம் எனக்கு இன்றைக்கும் ஆச்சரியம். நாயன்மாரைப் பற்றிப் பேசுவதற்கு முன்னால் நேராகச் சேரிக்குள் நம்மைக் கூட்டிக்கொண்டு போகிறார். முற்றத்தில் வார் கிடக்கிறது, கோழிக்குஞ்சுகள் அதைச் சுற்றி ஓடுகின்றன, கையில் இரும்பு வளையம் போட்ட கறுத்த பையன்கள் விளையாடுகிறார்கள், மருத மர நிழலில் ஒரு துண்டுத் தோலின் மேல் உழத்தி பிள்ளையைத் தூங்க வைத்திருக்கிறாள், மாமரக் கிளையில் பறைகள் தொங்குகின்றன. பார்த்து எழுதிய எழுத்து. அரச சபைக்கும் கோயிலுக்கும் வேண்டியவராக இருந்த ஒருவர் இவ்வளவு நெருக்கமாகப் பார்த்திருக்கிறாரே என்று தோன்றும்.

அப்புறம் தொழில். ஊர் விட்ட பறைத்துடவை என்ற மானிய நிலம் நந்தனின் சாப்பாட்டுக்கு. கோயில் முரசுக்குப் போர்த்துகிற தோல் அவர் கொடுப்பது, இழுத்துக் கட்டுகிற வார் அவர் கொடுப்பது, வீணைக்கும் யாழுக்கும் நரம்பு அவர் கொடுப்பது, பூசைக்குக் கோரோசனையும் அவர் கொடுப்பதுதான். எல்லாம் உள்ளே போகிறது. கொடுத்தவர் வெளியே நிற்கிறார். சேக்கிழார் இதைக் குத்திக்காட்டவில்லை, புகாராகவும் சொல்லவில்லை, வரிசையாக அடுக்கிவிட்டுப் போகிறார். ஆனால் அடுக்கியது அடுக்கியதுதான், படிக்கிறவன் கண்ணில் படாமல் போகாது.

திருப்புன்கூரில் நந்தி விலகிக்கொள்கிறது, வாசலில் நின்றபடியே சாமி தெரிகிறார், சந்தோஷத்தில் அங்கே ஒரு குளம் வெட்டுகிறார். தில்லைக்கு மட்டும் போக முடியவில்லை. நாளைப் போவேன், நாளைப் போவேன் என்று சொல்லிச் சொல்லியே அந்தப் பெயர் வந்தது. கடைசியில் போய் ஊர் எல்லையில் நின்றுவிட்டு, வேள்விப் புகை எழும்பும் அந்த ஊருக்குள் தன்னால் எப்படிக் கால் வைக்க முடியும் என்று இரவும் பகலும் ஊரைச் சுற்றிச் சுற்றி வருகிறார்.

இதில் ஒன்றைக் கவனிக்க வேண்டும். சேக்கிழார் கதையில் நந்தனைத் தடுக்கிற மனிதன் என்று ஒருத்தன் கூட இல்லை. ஆண்டை கிடையாது, அடிக்கிறவன் கிடையாது, கதவைச் சாத்துகிறவன் கிடையாது. தடை முழுக்க நந்தனின் மனசுக்குள்ளேயே இருக்கிறது, அவரே தன்னை நிறுத்திக்கொள்கிறார். தீயையும் கடவுளே கனவில் வந்து சொல்கிறார்: இந்தப் பிறவி போய் நீங்க எரியில் மூழ்கி, பூணூல் மார்பர்களோடு என் முன்னால் வா. அதையே தில்லைவாழ் அந்தணர்களிடமும் சொல்கிறார். அவர்கள் பயந்துபோய் வந்து, நந்தனை 'ஐயரே' என்று கூப்பிட்டு, உமக்குத் தீ அமைத்துத் தர வந்திருக்கிறோம் என்கிறார்கள். தீக்குள் இறங்குவதற்கு முன்னாலேயே ஐயராகிவிட்டார் என்றால் பிறகு தீ எதற்கு? நான் பலரிடம் கேட்ட கேள்வி இது, பக்தியோடு படிக்கிறவர்கள் ஒரு மாதிரி பதில் சொல்வார்கள், நீங்கள் ஊகிக்கலாம். தீயிலிருந்து முனிவராக, வெண்ணூலும் சடையுமாக எழுந்து, கோயிலுக்குள் போய், மறைந்துவிடுகிறார். திரும்பி வரவில்லை.

ஆக, காம்யு சொன்னதில் பாதி சரி என்று இந்த இடத்தில் ஒப்புக்கொள்ளலாம். புனிதம் பதில் சொல்லித்தான் விட்டது, அந்தப் பதில் ஒரு தீக்குழி. ஆனால் கேள்வி எழவே இல்லை என்று சொல்ல முடியாது. நந்தன் கேள்வியைப் புனிதத்தை மறுத்துக் கேட்கவில்லை, அதை அப்படியே நம்பிக் கேட்டார். கடவுள் எல்லோருக்கும் என்று நீங்கள்தானே சொன்னீர்கள், சரி, நான் வருகிறேன். இல்லை என்று சொல்கிறவனைச் சமாளிப்பதை விட இப்படி ஆமாம் என்று சொல்லிக்கொண்டு வாசலுக்கு வந்து நிற்கிறவனைச் சமாளிப்பது கஷ்டம். ஐரோப்பியக் கலகக்காரன் என்றால் கடவுளோடு சண்டை போடுகிறவனாகவே காம்யு பார்த்துப் பழகியதால், கடவுளைக் கேட்டு வருகிறவன் அவர் கணக்கில் விழவில்லை என்று நினைக்கிறேன்.

இனி 19ஆம் நூற்றாண்டு. கோபாலகிருஷ்ண பாரதி, நாகப்பட்டினத்துக்குப் பக்கத்து நரிமணத்தில் பிறந்து, மாயூரத்தை அடுத்த ஆனந்ததாண்டவபுரத்தில் வாழ்ந்த பிரம்மச்சாரி, கதாகாலட்சேபத்துக்கென்று நந்தனார் சரித்திரக் கீர்த்தனை செய்கிறார். அவர் செய்த பெரிய மாற்றம்: ஒரு ஆண்டையைக் கொண்டுவந்து நிறுத்தினார். வேதியர், நிலக்காரர், நந்தன் அவரிடம் பண்ணையாள். மானியத் துடவை போய்விட்டது. இப்போது தில்லைக்குப் போக வேண்டுமென்றால் மனத்தடையை மட்டும் தாண்டினால் போதாது, முதலாளியிடம் லீவு கேட்க வேண்டும்.

கதை அதோடு தலைகீழாகிவிட்டது. சொல்லப்போனால் தமிழ் இலக்கியத்தில் ஒரு கூலியாள் லீவு கேட்டு அதை முதலாளி மறுக்கிற காட்சி இதற்கு முன்னால் இவ்வளவு விஸ்தாரமாக எங்கே இருக்கிறது என்று யோசித்துப் பார்க்கிறேன், எனக்குத் தெரிந்து இல்லை. நந்தன் கெஞ்சுகிறார், ஆண்டை வைகிறார், 'மாடு தின்னும் புலையா, உனக்கு மார்கழித் திருநாளா' என்கிறார். ஒரே வரியில் சாப்பாடு, சாதி, பண்டிகை மூன்றும் வந்துவிட்டன. மார்கழி என்றால் திருவாதிரை, அதே சமயம் டெல்டாவில் சம்பா முற்றி அறுப்பு நெருங்குகிற மாதம். ஆண்டைக்கு ஆள் வேண்டும். அவர் கோபத்தில் சாஸ்திரம் எவ்வளவு, கூலியாள் கணக்கு எவ்வளவு என்று பிரிக்கவே முடியாது, இரண்டும் ஒரே வாயிலிருந்து வருகின்றன.

காலத்தையும் சேர்த்துப் பாருங்கள். 1843இல் அடிமைமுறையைச் சட்டம் கைவிட்டுவிட்டது. காகிதத்தில் மட்டும்தான், பண்ணையாள் பண்ணையாளாகவேதான் இருந்தான். ஆனால் அதே நாகப்பட்டினத்திலிருந்து மலேயாவுக்கு ஆள் ஏற்றிக்கொண்டு கப்பல் போய்க்கொண்டிருந்தது. ஊரை விட்டுப் போகிறேன் என்று ஒரு பண்ணையாள் சொன்னால் மிராசுதாரருக்கு அடிவயிறு கலங்குவதற்குக் காரணம் இருந்தது. கோபாலகிருஷ்ண பாரதியார் இதையெல்லாம் யோசித்து எழுதினார் என்று நான் சொல்ல வரவில்லை. அவர் பக்திக் கதைதான் எழுதினார். ஆனால் தினம் கண்ணால் கண்ட ஆண்டையையே கதைக்குள் வைத்தார், மீதியை அந்த ஆண்டை பார்த்துக்கொண்டார்.

இன்னொரு நுணுக்கம், எனக்கு ஆண்டையை விட முக்கியமாகப் படுவது: சேரிப் பெரியவர்கள். அவர்களும் நந்தனை எதிர்க்கிறார்கள். நம்ம சாமிகளை விட்டுவிட்டு உனக்கு எதற்குச் சிதம்பரம், நமக்கு ஆகாத காரியம் இது என்று சண்டை, ஆண்டையிடம் போய் முறையீடு. இதை அறியாமை என்று கடந்துபோகிறவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. நந்தன் ஒருத்தன் துள்ளினால் உதை மொத்தச் சேரிக்கும் விழும் என்று அவர்களுக்குத் தெரியும், வயசான மனுஷர்கள், எத்தனையோ பார்த்திருப்பார்கள். நம் சாமி நமக்குப் போதும் என்பதிலும் ஒரு மானம் இருக்கிறது, மேலே இருப்பவனின் கோயிலுக்காக ஏன் ஏங்குகிறாய் என்ற கேள்வி அதற்குள் இருக்கிறது. இருபதாம் நூற்றாண்டில் நாம் நூறு விதமாக விவாதித்த விஷயம்.

கடைசியில் ஆண்டை ஒரு நிபந்தனை போடுகிறார், நாற்பது வேலி நிலத்து வேலையையும் ராத்திரியோடு முடித்துவிட்டுப் போ. நாற்பது வேலி என்றால் இருநூற்றைம்பது ஏக்கருக்கு மேல். சிவகணங்கள் வந்து முடித்துக் கொடுக்கின்றன, விடிந்து பார்த்த ஆண்டை நந்தன் காலில் விழுகிறார். இந்த இடம்தான் கீர்த்தனையிலேயே பலவீனமான இடம் என்பேன். யோசித்துப் பாருங்கள், ஆண்டைக்கு என்ன நஷ்டம்? நாற்பது வேலி வேலை ஓசியில் முடிந்தது, கூடவே ஒரு குருவும் கிடைத்தார். இப்படி ஒரு கலகத்தை எந்த மிராசுதாரர்தான் வேண்டாம் என்பார்.

ஆனால் பாட்டுகள்! மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் சிறப்புப்பாயிரம், அதாவது நூலைப் பாராட்டி முன்னால் வைக்கும் பாட்டு, கேட்டு பாரதியார் நடையாய் நடந்ததை உ.வே.சா. எழுதியிருக்கிறார். இலக்கணப் பிழை மலிந்திருக்கிறது என்று பிள்ளை தட்டிக்கழித்துக்கொண்டே இருந்தார், ஒருநாள் அவர் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து பாரதியார் 'வருகலாமோ' பாட, மாஞ்சி ராகத்தில், பிள்ளை கண் கலங்கிப் பாயிரம் கொடுத்தார். புலமையின் வாசலில் காத்திருந்தபடி 'நான் உள்ளே வரலாமா' என்று பாடியிருக்கிறார் மனுஷர், நந்தன் பாட்டை நந்தன் நிலைமையிலேயே. 1860களின் தொடக்கத்தில் இதை அச்சில் கொண்டுவர உதவியவர் காரைக்காலில் இருந்த சிசே என்ற பிரெஞ்சு அதிகாரி. காம்யு எழுதுவதற்குத் தொண்ணூறு வருஷம் முன்பே ஒரு பிரெஞ்சுக்காரருக்கு இந்தப் 'பரியா'வின் கேள்வி காதில் விழுந்திருக்கிறது.

அடுத்தது இன்னொரு பாரதி. சுதேசி இயக்கம் கொதித்த காலத்தில் சுப்பிரமணிய பாரதி நந்தனார் மெட்டுகளை அப்படியே எடுத்துக்கொள்கிறார். 'மாடு தின்னும் புலையா' என்ற ஆண்டையின் வசவு 'தொண்டு செய்யும் அடிமை, உனக்குச் சுதந்திர நினைவோடா' என்று ஆங்கிலேய அதிகாரியின் வாயில் போகிறது. மெட்டு எல்லோருக்கும் தெரியும், கேட்டவுடனே பழைய வரி உள்ளே ஓடும். பிரமாதமான அரசியல் யுக்தி. ஆனால் என்ன நடந்திருக்கிறது பாருங்கள், நந்தனின் இடத்தில் இப்போது படித்த, பெரும்பாலும் மேல்சாதிச் சுதேசிக்காரர் உட்கார்ந்துவிட்டார். அவமானம் நந்தனுடையது, பயன்படுத்திக்கொண்டவர்கள் வேறு ஆட்கள், நிஜ நந்தன் அப்போதும் யாரோ ஒரு ஆண்டையின் வயலில்தான். பாரதியைக் குறை சொல்ல இதை எழுதவில்லை, அவர் அந்த வசவைக் கேட்கிற இடத்தில் தன் ஆட்களை நிற்க வைத்ததே பெரிய விஷயம். என்றாலும் கலகக் கதைகளுக்கு இப்படி ஒரு தலைவிதி உண்டு.

சினிமாவை வேகமாகத் தாண்டிவிடுகிறேன். 1935இல் கே.பி. சுந்தராம்பாள் நந்தனாராகவே நடித்தார், சம்பளம் ஒரு லட்சம் என்பது அந்தக் காலத்துப் பெரிய பேச்சு. வேதியராக மகாராஜபுரம் விஸ்வநாதய்யர். 1942இல் ஜெமினி தயாரிப்பில் தண்டபாணி தேசிகர். இரண்டிலும் பாட்டுத்தான் ஜெயித்தது.

தலித் சிந்தனையாளர் அயோத்திதாசப் பண்டிதர் மொத்தக் கதையையும் ஏற்கவே இல்லை. நந்தன் ஒரு பௌத்த அரசன், சூழ்ச்சியால் வீழ்த்தப்பட்டவன், பிறகு அவனைப் பண்ணையாளாக்கிக் கதை கட்டிவிட்டார்கள் என்று தன் தமிழன் பத்திரிகைக் காலத்தில் எழுதினார். அது சரித்திரமாக நிற்குமா என்பது வேறு விவாதம். எனக்கு அதில் பிடித்தது வேறு: மற்ற எல்லோரும் நந்தன் எப்படி உள்ளே போனான் என்று கேட்டபோது, அவர் ஒருத்தர்தான் நந்தனை வெளியே தள்ளியது யார் என்று கேட்டார்.

புதுமைப்பித்தனின் 'புதிய நந்தன்' கதை 1934இல். கிழவர் கருப்பன் கண் தெரியாதவர். அவர் மகன் சுயமரியாதைக்காரத் தோழர், ஆண்டையின் மகன் காந்தியவாதி, காந்தி ஊருக்கு ரயிலில் வருகிறார். தண்டவாளத்தில் மாட்டிக்கொண்ட கிழவரைக் காப்பாற்ற இருவரும் பாய்கிறார்கள், மூன்று பேரும் ரயிலில் அடிபட்டுச் சாகிறார்கள். தீக்குப் பதில் ரயில். இரண்டு இயக்கத்தையும் ஒரே சக்கரத்தில் நசுக்கிவிட்டுப் போகிற அந்தக் குசும்பு அவருக்கே உரியது. ஆனால் செத்தவர்களில் ஆண்டை இல்லை என்பதை மறக்காதீர்கள்.

1968 டிசம்பர் 25, கீழ்வெண்மணி. கூலி கேட்ட விவசாயத் தொழிலாளர்களின் குடும்பங்கள், 44 பேர், ஒரு குடிசைக்குள் எரிக்கப்பட்டார்கள். அதே டெல்டா. இதற்கு அப்புறம் நந்தன் தீக்குள் இறங்கினார் என்ற வரியை யாராலும் பழைய மாதிரி படிக்க முடியாது, முடியவும் கூடாது. வெண்மணியை வைத்துக் 'குருதிப்புனல்' நாவல் எழுதிய இந்திரா பார்த்தசாரதிதான் பிறகு 'நந்தன் கதை' நாடகத்தையும் எழுதினார் என்பது தற்செயல் இல்லை என்று நினைக்கிறேன். அந்த நாடகத்தில் தீ கடவுள் சொன்ன தீ கிடையாது, மனிதர்கள் சதி செய்து மூட்டியது, நந்தன் அதில் செத்துப்போகிறார். சேக்கிழாரிடம் கனவு, கோபாலகிருஷ்ண பாரதியிடம் ஆண்டை, இங்கே கொலை. எதிரியின் முகம் தெளியத் தெளியத்தான் நந்தன் கலகக்காரனாகிறார், அவர் செய்த காரியம் என்னவோ எல்லாக் கதையிலும் ஒன்றுதான், சிதம்பரத்துக்குப் போக ஆசைப்பட்டது.

சரி, இவ்வளவு சொன்ன பிறகு நான் சொன்னதற்கு எதிரான வலுவான வாதத்தையும் வைத்துவிட வேண்டும். அது அம்பேத்கருடையது. சாதியை ஒழிப்பது பற்றிய தன் உரைக்கு காந்தி எழுதிய மறுப்புக்குப் பதில் சொல்லும்போது, துறவிகளும் பக்தர்களும் சாதிக்கு எதிராக இயக்கம் நடத்தியதே இல்லை, அவர்கள் கவலை மனிதனுக்கும் கடவுளுக்கும் உள்ள உறவு, மனிதனுக்கும் மனிதனுக்கும் நடக்கும் போராட்டம் அல்ல என்று தெளிவாக எழுதிவிட்டார். இதற்கு என்னிடம் முழுப் பதில் இல்லை. காம்யுவே, நான் கலகம் செய்கிறேன், ஆகவே நாம் இருக்கிறோம் என்கிறார், அந்த 'நாம்' நந்தன் கதையில் எந்த வடிவத்திலும் வரவில்லை. போனது ஒருத்தர், எரிந்தது ஒருத்தர், மறைந்தது ஒருத்தர். சேரிப் பெரியவர்கள் வயலிலேயேதான். ஆனால் அதே அம்பேத்கர் 1948இல் தீண்டப்படாதவர்கள் யார் என்று ஆராய்ந்து எழுதிய புத்தகத்தை நந்தனார், ரவிதாஸ், சோகாமேளர் என்ற ஒடுக்கப்பட்ட சாதிப் பக்தர்கள் மூவரின் நினைவுக்கும் சமர்ப்பணம் செய்தார். முரண்பாடு என்பார்கள் சிலர். எனக்கு அப்படித் தோன்றவில்லை. பக்திக்கதை போதாது என்று சொல்வதும், அந்தக் கதைக்குள் மாட்டிக்கொண்ட மனிதருக்கு மரியாதை செய்வதும் சேர்ந்தே நடக்கலாம்.

அந்த 'நாம்' கதைக்கு வெளியேதான் வந்தது. சுவாமி சகஜானந்தர் 1916இல் அதே சிதம்பரத்தில் நந்தனார் பெயரில் ஒடுக்கப்பட்ட பிள்ளைகளுக்குப் பள்ளி தொடங்கினார். நந்தனார் மடம் இருக்கும் ஓமக்குளம்தான் தீ மூட்டப்பட்ட இடம் என்று ஊரில் சொல்வார்கள். அந்தப் பள்ளியில் படித்து வேலைக்குப் போனவர்களின் குடும்பங்கள் கடலூர் மாவட்டம் முழுக்க இருக்கின்றன.

கச்சேரிகளில் 'வருகலாமோ' இன்றைக்கும் பாடுகிறார்கள், 'வழி மறைத்திருக்குதே' பாடுகிறார்கள், 'சற்றே விலகி இரும் பிள்ளாய்' கேட்டால் எனக்கும் கண் கலங்கும். ஆண்டை வைகிற பாட்டை யாரும் மேடையில் பாடி நான் கேட்டதில்லை. நாகரிகம் கருதி விட்டுவிடுகிறார்கள், புரிகிறது, ஆனால் அதை விட்டால் 'வருகலாமோ' யாரைப் பார்த்துக் கேட்ட கேள்வி என்பதும் சேர்ந்து போய்விடுகிறது. கீர்த்தனைப் புத்தகம் பழைய புத்தகக் கடையில் கண்ணில் பட்டால் பாட்டுகளுக்கு நடுவில் வரும் கட்டியங்களையும் சண்டைகளையும் தாண்டாமல் படியுங்கள், குறிப்பாகச் சேரிப் பெரியவர்கள் பேசுகிற இடங்களை. அவர்களைக் கதாநாயகர்களாக வைத்து இன்னும் யாரும் இந்தக் கதையைச் சொல்லவில்லை, யாராவது எழுதியிருந்தால் சொல்லுங்கள், படிக்க வேண்டும்.